படச்சுருள் தேடிய பயணி

திரைப்படம் என்றதும் நடிகர் நடிகையர் முகங்களே நம் கண்முன் வந்து நிற்கின்றன. அவரை அடுத்து, பாட்டெழுதினோரும் பாடினோரும் நெறியாண்டோரும் நினைவுக்கு வருவர். படம் பிடித்தவரை எண்ணுவோர் சிலர். பிறர் பிடித்துப் போட்டுவிட்ட படச்சுருள்களை நாடு நாடாகத் தேடிச் சென்று, தூசு தட்டி எடுத்து, ஒன்றோடொன்று பொருத்தி ஒரு வரலாறாக ஆக்கித் தந்தவரை எண்ணுவோர் மிகமிகச் சிலரே. அவ்வாறு எண்ணப்பட வேண்டிய தமிழர் ஒருவர் உளர். அவரே ஏ. கே. செட்டியார் எனப்படும் அ. கருப்பன் செட்டியார். மகாத்மா காந்தியின் வாழ்க்கையை முழுநீள விவரணப் படமாக முதன்முதலில் உலகுக்குக் காட்டியவர் அவர்.

சப்பிரகமுவ மாகாணத்துத் தோட்டப் பாடசாலையொன்றிலே தமிழ் கற்பிக்கும் நாம், நம் கல்லூரியின் விழா மலரிலே செட்டியாரைப் பற்றி எழுதப் புகுந்தது ஏன் என அன்பர்கள் வினவலாம். இம்மாகாணத்தில் திரைப்படம் என்ற பேச்சு எழுந்தால் அது பெரும்பாலும் கித்துல்கலையிலே போய் முடியும். கேகாலை மாவட்டத்திலே களனி கங்கைக் கரையில் அமைந்த அவ்வூரில்தான், டேவிட் லீன் என்னும் ஆங்கிலேய நெறியாளர் 1957ஆம் ஆண்டில் வெளிவந்த 'குவாய் நதிப் பாலம்' என்ற படத்துக்காக மரத்தாற் பெரும் பாலமொன்றைக் கட்டுவித்துப் பின் வெடிவைத்துத் தகர்த்தார். அப்படம் ஏழு ஒஸ்கார் விருதுகளைப் பெற்றது. பாலம் நின்ற இடத்தை வெளிநாட்டாருக்குக் காட்டிக் காசு பெறுவோர் இன்றும் அங்கு உளர். நம் ஆறும் நம் மலையும் அப்படத்திலே சயாம் தேசமாக நடித்தன. நடிப்புக்குரிய புகழோ வேறு நதிக்குப் போயிற்று. தன் பெயரை இழந்து பிறர் கதையில் நிற்பது இப்பகுதி மக்களுக்குப் பழகிய ஒன்று. அதனாலேயே, உள்ளதை உள்ளபடி, உரிய பெயரோடும் உரிய நாளோடும் தேடிச் சேர்த்த ஒருவரின் வாழ்க்கை நம் மனத்தை ஈர்த்தது.

செட்டியார் 1911ஆம் ஆண்டிலே செட்டிநாட்டுக் கோட்டையூரிற் பிறந்தார். நகரத்தார் குலத்து இளைஞர் கடல் கடந்து சென்று கொடுக்கல் வாங்கல் பழகுதல் அக்கால வழக்கம். இவரும் கடல் கடந்தார். ஆனால் கணக்குப் புத்தகத்தைக் கையில் எடுத்தாரல்லர். இரங்கூனில் 'தனவணிகன்' என்னும் இதழின் ஆசிரியராக அமர்ந்தார். அங்கிருந்து யப்பானுக்குச் சென்று டோக்கியோவில் ஒளிப்படக் கலை பயின்றார். பின்னர் நியூயோர்க் சென்று மேலும் பயின்றார். தமிழிலே பயண நூல் எழுதுவதைத் தம் தொழிலாகவே கொண்டார் எனலாம். 'உலகம் சுற்றும் தமிழன்' என்பது அவர் எழுதிய நூலின் பெயர். அதுவே அவருக்குரிய பட்டமாகவும் நிலைத்தது. பின்னாளில் இப்பெயரைச் சற்றே மாற்றிக்கொண்ட திரைப்படமொன்று பெரும் புகழ் பெற்றபோது, மூலப் பெயருக்கு உரியவரை நினைத்தவர் எத்துணைப் பேரோ!

1937ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் 2ஆம் நாள். நியூயோர்க்கிலிருந்து டப்ளின் நோக்கிச் சென்ற 'சமாரியா' என்னும் கப்பலிலே செட்டியார் இருந்தார். அன்று காந்தியடிகளின் பிறந்த நாள். அடிகளின் வாழ்க்கையைப் படமாக்க வேண்டும் என்னும் எண்ணம் அன்று கடலின் நடுவே அவருக்கு உதித்தது. அப்போது அவர் இருபத்தாறு வயதை எட்டிக்கொண்டிருந்த இளைஞர்; பெரும் பொருளோ, அரசியற் செல்வாக்கோ உடையவரல்லர். இந்தியாவோ அந்நியர் ஆட்சியில் இருந்தது. அவ்வாட்சிக்கு எதிராக நின்றவரைப் பற்றி, அவ்வாட்சியின் கீழேயே படம் எடுத்தல் வேண்டும். இத்தகைய எண்ணங்கள் கப்பலில் உதித்துக் கரையேறியதும் மறைந்து போதலே உலகியல்பு. செட்டியாருக்கு மறையவில்லை.

இங்கே ஒன்றை விளக்குதல் வேண்டும். காந்தியடிகளைப் பற்றிய படம் என்றால், வேடமிட்ட நடிகரைக் கொண்டு எடுப்பது ஒரு முறை. 1982ஆம் ஆண்டில் அட்டன்பரோ எடுத்த படம் அத்தகையது. அதை நம் மாணவர் பலரும் பார்த்துள்ளனர். செட்டியார் மேற்கொண்டது வேறு முறை. காந்தியடிகள் சென்ற இடங்களில் எல்லாம் யாரேனும் ஒருவர் கருவியைச் சுழற்றியிருப்பார். அச்சுருள்கள் உலகின் எங்கேனும் ஒரு மூலையிற் கிடக்கும். அவற்றைக் கண்டெடுத்துக் கோத்துவிட்டால் அடிகளே தம் வரலாற்றில் தோன்றுவார் என்பது அவர் கருத்து. இம்முறையில் உலகிற் பெயர் பெற்றவர் எஸ்பிர் சூப் என்னும் இரசியப் பெண்மணி. சார் மன்னர் வீட்டாருக்காக எடுக்கப்பட்ட சுருள்களையும் பழைய செய்திப்படங்களையும் தேடிச் சேர்த்து, அம்மன்னர் குலத்தின் வீழ்ச்சியை 1927இற் படமாக்கினார் அவர். ஆயினும் அவர் தேடியது ஒரு நாட்டுக்குள். புரட்சிக்குப் பின் அமைந்த அரசும் அவருக்குத் துணையாக இருந்தது. செட்டியார் தேடியது நான்கு கண்டங்களில். துணையாக எந்த அரசும் இல்லை.

தேடுதல் என்பது எளிய சொல். ஆனால் அத்தொழில் எத்தகையது என்பதைச் சிறிது எண்ணிப் பார்த்தல் வேண்டும். அந்நாளிலே பாதே, கோமோன், மூவிற்றோன் முதலிய நிறுவனங்கள் செய்திப்படங்களை எடுத்துத் திரையரங்குகளுக்கு அனுப்பிவந்தன. ஒரு செய்திப்படத்தின் ஆயுள் ஒரு வாரம். அடுத்த வாரம் புதியது வந்ததும் பழையது தகரப் பெட்டிக்குள் ஒடுங்கும். பெட்டியின் மேல் ஒட்டிய சீட்டிலே நாளும் இடமும் எழுதியிருப்பர்; சில வேளை அதுவும் இராது. ஆகவே காந்தியடிகளின் சுருளைத் தேடுவோன், அடிகள் எந்த நாளில் எந்த ஊரில் இருந்தார் என்பதை முதலிற் பழைய செய்தித்தாள்களிலிருந்து அறிதல் வேண்டும். அதன்பின் அவ்வூரிலே அந்நாளிற் கருவியோடு நின்ற நிறுவனம் எது எனக் காணுதல் வேண்டும். பின்னர் அந்நிறுவனத்தின் வாயிலில் நின்று, பெட்டியைத் திறந்து காட்டும்படி வேண்டுதல் வேண்டும். திறந்தால் உள்ளே சுருள் இருக்கலாம், தூளும் இருக்கலாம். அக்காலத்துச் சுருள் நைத்திரேற்றினால் ஆனது, எளிதிலே தீப்பற்றும், நாட்பட்டால் தானே பிசினாகி உதிரும். இவ்வளவுக்குப் பின்னும் விலை பேசுதல் என்னும் வேலை எஞ்சியிருக்கும்.

இவ்வாறு ஏறத்தாழ ஓர் இலட்சம் மைல் பயணம் செய்து செட்டியார் சேர்த்த சுருள் 50,000 அடி. முப்பது ஆண்டுக் காலத்தில் நூற்றுக்கு மேற்பட்ட ஒளிப்பதிவாளர் எடுத்தவை அவை. ஓர் அடியிலே பதினாறு படங்கள் அடங்கும் என்னும் கணக்குப்படி பார்த்தால் எட்டு இலட்சம் படங்கள்! பேசும்படத்தின் வேகத்தில் ஓட்டினால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும். அதிலிருந்து 12,000 அடியைத் தேர்ந்து எடுத்தார். அது இரண்டே கால் மணிப் படம். எஞ்சிய 38,000 அடியை வெட்டி ஒதுக்க அவர் மனம் எத்துணைப் பாடுபட்டிருக்கும் என்பதை, மாணவன் எழுதிய இருபது பக்கக் கட்டுரையை நான்கு பக்கமாகச் சுருக்கப் பணித்த ஆசிரியர்கள் ஒருவாறு உணர்வர்.

அவர் தேடிப் பெற்றவற்றுள் நம் நெஞ்சைத் தொடுவது தென்னாபிரிக்கச் சுருள். 1912ஆம் ஆண்டிலே கோபால கிருஷ்ண கோகலே அந்நாட்டுக்குச் சென்றபோது எடுத்த படம் அது. அவரோடு காந்தியடிகளும் அதிலே காணப்படுகின்றார். அப்போது அவர் மகாத்மா அல்லர், வழக்கறிஞர் காந்தி. அடுத்த ஆண்டில் அவர் நடத்திய போராட்டத்திலே நேற்றால் மாகாணத்துச் சுரங்கங்களிலும் கரும்புத் தோட்டங்களிலும் வேலை செய்த தமிழர் ஆயிரக்கணக்கிற் கலந்துகொண்டனர். சிறையிலே நோயுற்று 1914இல் மறைந்த தில்லையாடி வள்ளியம்மைக்கு வயது பதினாறு. அத்தோட்டத் தமிழரும் நம் மலைத் தமிழரும் ஒரே ஆறு மாவட்டங்களிலிருந்து, ஒரே பஞ்சத்துக்குத் தப்பி, வெவ்வேறு கப்பல்களில் ஏறியவர்கள் என்று சொல்லிவிடலாம். எண்ணிக்கையில் மாறுபாடு இருக்கலாம், உறவில் இல்லை. அம்மக்களின் நாட்டுக்கும் செட்டியார் சென்றார்.

ஐரோப்பாவிலே, காந்தியடிகளைப் பற்றி 1924இல் நூல் எழுதிய பிரெஞ்சு அறிஞர் ரோமெயின் ரோலந்தைச் சந்தித்தார். இந்தியாவில் எடுக்க வேண்டிய காட்சிகளுக்கு டாக்டர் பி. வி. பதி என்னும் வல்லுநர் துணை நின்றார். பாரிசிற் கற்றுப் பட்டம் பெற்ற அவரும், இந்தியச் செய்திப்பட வரலாற்றிலே பெரும் இடத்துக்குரியவராக இருந்தும் பெயரளவிற்கூட அறியப்படாதவர். இத்துறையின் விதி அது போலும்.

பழைய ஊமைச் சுருள்களைப் பற்றி இடையே ஒரு சொல். அவற்றிலே காந்தியடிகள் ஓட்டமும் நடையுமாகச் செல்வதைக் காணும் மாணவர் சிரிப்பர். அடிகள் விரைந்து நடப்பவர்தாம். ஆயினும் அவ்வளவு விரைவன்று. நொடிக்குப் பதினாறு படம் என்னும் கணக்கில் எடுத்ததை, இருபத்துநான்கு படம் ஓடும் பேசும்படக் கருவியில் ஓட்டுவதால் நேரும் கோளாறு அது. தண்டி யாத்திரையை அந்த வேகத்தில் நடந்திருந்தால் இருபத்துநான்கு நாளும் வேண்டியதில்லை. பதினாறு நாளிலே உப்பை அள்ளியிருப்பார்!

படம் 1940ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதம் 23ஆம் நாள் தமிழ் விளக்கத்தோடு வெளிவந்தது, தெலுங்கிலும் வந்தது. காலமோ பொல்லாத காலம். இரண்டாம் உலகப்போர் மூண்டு ஏறத்தாழ ஓராண்டு ஆகியிருந்தது. அவ்வாண்டு ஒக்டோபரில் தனியாள் சத்தியாக்கிரகம் தொடங்கிற்று. 1942 ஓகஸ்டில் அடிகள் சிறைப்பட்டார். அவர் உருவத்தைத் திரையிற் காட்டி மக்களைக் கூட்டுதல் ஆட்சியாளர்க்கு உவப்பான செயலாக எவ்வாறு இருக்கும்? 1947இல் இந்தியா விடுதலை பெற்ற காலத்தில் இந்தி வடிவம் தில்லியிலே காட்டப்பட்டது. 1953இல் அமெரிக்காவிலே சுருங்கிய ஆங்கில வடிவம் 'இருபதாம் நூற்றாண்டின் தீர்க்கதரிசி' என்னும் பொருள்பட்ட பெயரோடு வெளிவந்தது. குவென்றின் றெனால்ட்ஸ் என்னும் பெயர்பெற்ற பத்திரிகையாளர் அதற்கு விளக்கவுரை பேசினார்.

அதன் பின்னர்ப் படமே காணாமற் போயிற்று. 1968இல் விட்டல்பாய் ஜாவேரி என்பார் ஐந்து மணி நேரத்துக்கு மேல் ஓடும் காந்தி விவரணப் படமொன்றைத் தந்தார். அது போற்றத்தக்க பணி. ஆனால் அதன் ஒளியில் முந்தையது மறைந்தது. பல்லாண்டுகள் கழிந்தபின், ஆ. இரா. வேங்கடாசலபதி என்னும் ஆய்வாளர் செட்டியாரின் பழங்கட்டுரைகளைத் தேடித் தொகுத்து 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்னும் நூலாக்கினார், படத்தையும் தேடினார். 2006ஆம் ஆண்டிலே, சான் பிரான்சிஸ்கோ அரசுப் பல்கலைக்கழகத்தில் ஆங்கில வடிவத்தின் படியொன்று இருப்பது தெரியவந்தது. உலகெங்கும் சுருள் தேடியவரின் சுருளை உலகின் மறுகரையிலே தேடிக் காணவேண்டியதாயிற்று. தமிழில் வந்த முழுவடிவத்தைத் தமிழர் போற்றிவைக்கவில்லை. இதற்கு அயலாரைக் குறைகூற வழியில்லை.

தமிழாசிரியர் என்ற முறையில் நமக்கு இங்கே ஓர் ஒப்புமை தோன்றுகின்றது. சிறுப்பிட்டி சி. வை. தாமோதரம்பிள்ளை அவர்களும் உ. வே. சாமிநாதையர் அவர்களும் ஏடு தேடிய வரலாற்றை ஆண்டுதோறும் கற்பிக்கின்றோம். 1887ஆம் ஆண்டு ஒன்றிலேயே முன்னவர் கலித்தொகையையும் பின்னவர் சீவக சிந்தாமணியையும் அச்சிற் பதிப்பித்தனர். அவ்விருவரும் அந்நூல்களை இயற்றினாரல்லர். ஆயினும் அவர்களை நூலாசிரியர்க்கு ஒரு படி தாழ்த்தி வைக்க எவரும் துணியோம். செட்டியார் செய்ததும் அதுவே. ஏட்டுக்குக் கறையான் பகை. சுருளுக்குத் தீ பகை. ஏடு தேடியோர் திண்ணைதோறும் சென்றனர். செட்டியார் துறைமுகந்தோறும் சென்றார். பிறர் எடுத்ததைச் சேர்த்தவர்தாமே, இதில் ஆக்கம் எங்கே என்று நண்பரொருவர் நம்மோடு வாதிட்டார். தாமோதரம்பிள்ளையிடம் அக்கேள்வியைக் கேட்பாரா என்றோம். அவர் பேச்சை மாற்றினார்.

செட்டியாரின் இயல்பு இத்தேடலோடு பொருந்தியது. அவர் பயண நூல்களிலே 'நான்' என்னும் சொல் அரிதாகவே தலைகாட்டும். கண்டது, கேட்டது, விலை, தூரம், உணவு, மனிதர் சொன்ன ஒரு வாக்கியம், இவையே இருக்கும். எழுதுபவரோ கதவுக்குப் பின்னே நிற்பார். 1943இலே தொடங்கி, இடையிடையே நின்றும் தொடர்ந்தும், தம் இறுதிவரை அவர் நடத்திய 'குமரி மலர்' என்னும் இதழிலும் அவ்வாறே. பிற்காலத்தில் அவ்விதழைப் பெரும்பாலும் பழைய பத்திரிகைகளிலிருந்தும் நூல்களிலிருந்தும் எடுத்த அரிய எழுத்துக்களால் நிரப்பினார். முன்னோர் எழுதிய தமிழ்நாட்டுப் பயணக் கட்டுரைகளைத் தேடித் திரட்டி 1968இல் ஒரு பெருந்தொகுப்பாக வெளியிட்டார். படச்சுருளை விட்டுத் தாளுக்கு மாறினாரேயன்றித் தொழிலை மாற்றினாரல்லர். 1983 செப்டெம்பரில் மறைந்தார்.

இவ்வடக்கம் நம் மதிப்புக்குரியது என்பதில் ஐயமில்லை. ஆயினும் அதைக் குறையற்றது என நாம் ஒப்பமாட்டோம். தம்மைப் பற்றிப் பேசாதவர் தம் படத்தைப் பற்றியும் குறைவாகவே பேசினார். படம் மறக்கப்பட்டமைக்கு அதுவும் ஒரு காரணம். ஏடு தேடிய ஐயரவர்கள் தம் சரித்திரத்தையும் விரிவாக எழுதிவைத்தார். ஆகையால் அவர் பணி இன்றும் பள்ளிப் பிள்ளைகள் வாயில் வாழ்கின்றது.

இனி எம் பகுதிக்கு வருவோம். காந்தியடிகள் 1927 நவம்பரில் இலங்கைக்கு வந்தார், கண்டி, பதுளை, அற்றன் எனத் தோட்டத் தமிழர் திரண்ட இடங்களுக்கும் சென்றார், யாழ்ப்பாணத்துக்கும் வந்தார். ஏழாண்டு கழித்து, 1934இலே, தேயிலைப் பிரசார சபையின் பொருளுதவியோடு பசில் றைற் என்பவர் 'இலங்கையின் கீதம்' என்னும் விவரணப் படத்தை எடுத்தார். மறு ஆண்டு புரூசல்சிலே முதற்பரிசு பெற்ற படம் அது. தேயிலைக்காக எடுக்கப்பட்ட அப்படத்திலே தேயிலை பறிப்போர் சிறிது நேரமே தோன்றுவர். அவர் பெயரோ தோட்டத்தின் பெயரோ எவருக்கும் சொல்லப்படவில்லை. 1963இலே 'தோட்டக்காரி' என்னும் படமும், 1975இலே தொழிற்சங்கத் தலைவர் வி. பி. கணேசன் எடுத்த 'புதிய காற்று' என்னும் படமும் மலையகத்தைத் திரைக்குக் கொண்டுவந்தன. ஆனால் 1983 யூலையிலே கொழும்பை அடுத்த ஹெந்தளையில் இருந்த விஜயா ஸ்ரூடியோ எரிக்கப்பட்டபோது, தமிழ் சிங்களம் என்ற வேறுபாடின்றிப் படச்சுருள்கள் பல சாம்பலாயின. செட்டியார் மறைந்ததும் அவ்வாண்டிலேயே. பிரித்தானியக் குடும்பத்தார் இந்தியத் துணைக்கண்டத்திலே பொழுதுபோக்காக எடுத்த இல்லப்படச் சுருள்களைக் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்துத் தென்னாசிய ஆய்வு நிலையம் அருமையாகச் சேர்த்துப் பேணுகின்றது. துரைமார் வீட்டுத் தோட்டத்துப் பூச்செடி கேம்பிரிட்ஜிலே பத்திரமாக இருக்கக்கூடும். அதற்கு நீர் ஊற்றியவரின் முகம் அவர் பேரனுக்குத் தெரியாது.

இது வெறும் ஏக்கம் அன்று. எம் மக்களுக்குச் சான்று என்பது உயிரோடு ஒட்டிய பொருள். 1948ஆம் ஆண்டுச் சட்டத்தால் நாடற்றோரானவர்கள், 1949ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ்க் குடியுரிமை கோர, 1946 சனவரிக்கு முன் மணமானோர் ஏழாண்டும் ஏனையோர் பத்தாண்டும் இந்நாட்டிலே தொடர்ந்து வாழ்ந்தமையை நிறுவவேண்டியிருந்தது. கையெழுத்திடக் கற்பிக்கப்படாதவரிடம் கையெழுத்துள்ள கடதாசி கேட்கப்பட்டது. 1964ஆம் ஆண்டு ஒப்பந்தம் 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இலங்கைக்கு எனப் பங்கு வைத்தது. எஞ்சிய 150,000 பேர் 1974இலே சமமாகப் பிரிக்கப்பட்டனர். ஒரு லயத்தின் இருபக்கக் காம்பராக்களில் இருந்த அண்ணனும் தம்பியும் இரு நாட்டவராயினர். எட்டியாந்தோட்டையிலும் தெரணியகலையிலும் இறக்குவானையிலும் காவத்தையிலும் இருந்து புறப்பட்டவர்கள் தலைமன்னார் சென்று கப்பலேறினர். எஞ்சியோர் 1977இலும் 1983இலும் அடிபட்டு ஓடியபோது பெட்டிகளை விட்டே ஓடினர். குடியுரிமைச் சிக்கலை முற்றாகத் தீர்க்கும் சட்டம் 2003ஆம் ஆண்டிலேதான் வந்தது. சப்பிரகமுவவிலே தோட்டங்கள் சிறியன. இடையிடையே சிங்களக் கிராமங்கள். தமிழர் சிதறியே வாழ்கின்றனர். நுவரெலியாப் பக்கத்தாருக்கு உள்ள திரளும் இங்கு இல்லை. சிதறியோரின் நினைவும் சிதறியே கிடக்கின்றது.

செட்டியாரைப் பற்றிய பாடத்தை வகுப்பிலே நடத்தியபோது, இறப்பர் பால்வெட்டும் தாயின் மகனான மாணவன் ஒருவன் எழுந்தான். "சேர், காந்தி படத்த அவ்வளவு தேடுனாங்க. எங்க தாத்தா படம் ஒன்னுகூட வீட்டுல இல்ல. அதெல்லாம் எங்க சேர் போய்த் தேடுறது?" என்றான். வகுப்பு அமைதியாயிற்று. உங்கள் லயத்திலேயே தொடங்கு என்றோம். வேறு விடை நமக்குத் தெரியவில்லை. இன்றும் அதுவே நம் விடை.

அன்று முதல் மாணவர் பன்னிருவர் சனிக்கிழமைதோறும் பழம்படம் தேடுகின்றனர். முறை செட்டியாரின் முறையே. படத்தை வாங்கி வருவதில்லை. உரியவர் வீட்டு வாசலிலேயே வைத்துக் கைத்தொலைபேசியாற் படியெடுத்துத் திருப்பிக் கொடுத்துவிடுதல் வேண்டும். யார், எவ்விடம், எந்த ஆண்டு, எடுத்தவர் எந்த ஸ்ரூடியோ என நான்கு கேள்வி. ஆண்டு தெரியாவிடின், அப்போது எந்தத் துரை இருந்தார், எந்தப் பிள்ளை கைக்குழந்தை எனக் கேட்டுக் கணித்தல் வேண்டும். மாணவர் இதிலே பெரிதும் தேறிவிட்டனர். கிடைத்தவற்றுட் பெரும்பாலானவை கடவுச்சீட்டுக்காக எடுத்த படங்களே. ஊரை விட்டுப் போகும் நாளிலேதான் நம்மவர் முதன்முறையாகப் படம் பிடித்துக்கொண்டனர் என்பதை அப்படங்களிலிருந்து மாணவரே கண்டு சொன்னார்கள். நாம் அதுவரை அதை எண்ணியதில்லை.

இம்மலரைப் படிக்கும் பழைய மாணவர்களிடம் நமக்கு ஒரு வேண்டுகோள் உண்டு. நம் கல்லூரியிற் கற்றுத் தோட்டங்களிலே பெரிய கிளாக்கராகவும், மருந்துச்சாலை ஐயாவாகவும், ஆசிரியராகவும் பணியாற்றியோர் பலர். அவர்கள் வீட்டு அலுமாரிகளிலே பிரட்டுக்களத்துப் படமும், காமன் கூத்துப் படமும், பாடசாலைத் திறப்புவிழாப் படமும் இருத்தல் கூடும். தந்தையார் மறைந்தபின் பெட்டியைத் துப்புரவாக்கும் பிள்ளைகள், முன்வரிசையில் அமர்ந்திருக்கும் தம் தந்தையை மட்டும் வெட்டி எடுத்துக்கொண்டு ஏனைய பகுதியை எறிந்துவிடாதிருக்க வேண்டுகின்றோம். பின்வரிசையில் நிற்போர் எம் மாணவரின் பாட்டன்மார். படத்தின் படியை விழாக்குழுவின் முகவரிக்கு அனுப்பினால் அது நம்மை வந்தடையும்.

சென்ற மாதம் கிடைத்த படமொன்றைச் சொல்லி முடிக்கின்றோம். ஐந்து இளைஞர் ஒரு ஸ்ரூடியோவின் திரைச்சீலைக்கு முன் நிற்கின்றனர். திரையிலே மாளிகையும் அன்னமும் எழுதியிருக்கின்றன. கால்களிலே செருப்பில்லை. வைத்திருந்த அம்மையாருக்கு எண்பது வயதுக்கு மேல். நால்வர் பெயரை உடனே சொன்னார். இருவர் அவருடைய தமையன்மார். ஐந்தாமவர் வெளித்தோட்டத்துப் பையன் என்றும், பெயர் தன் சின்னண்ணன் மகளுக்குத் தெரிந்திருக்கலாம் என்றும் கூறினார். அம்மகள் நீலகிரியிலே கோத்தகிரிப் பக்கம் தேயிலைத் தோட்டத்தில் இருக்கின்றாராம். மாணவர் படத்தின் படியை வைத்துக் கடிதம் எழுதிவிட்டனர். விடை இன்னும் வரவில்லை.